மூடியில் இருந்த எழுத்து

பசை வாளியைக் காலால் பக்கத்தில் இழுத்துக்கொண்டு டோர்கஸ் அடுத்த டப்பாவை எடுத்தாள். புதிதாக வந்த லேபிள் கட்டில் பீச் பழப் படம் பழையதேதான். கீழே நாட்டின் பெயர் மட்டும் மாறியிருந்தது. தென்னாப்பிரிக்கா போய் பக்கத்து நாடான சுவாசிலாந்து வந்திருந்தது.

“நாம சுவாசிலாந்துலயா வேலை பாக்கிறோம்?” என்றாள் பக்கத்து மேஜை சானா. “பஸ்ல அரை மணி நேரந்தானே உக்காந்திருந்தேன்?”

“தூங்கிக்கிட்டே வந்தா அப்படித்தான். பாஸ்போர்ட் வெச்சிருக்கியாடி?”

மேஜை முழுக்கச் சிரித்தது. வாசலில் சூப்பர்வைசர் ஸ்டேட்லர் வந்து நின்றதும் அடங்கியது.

“சிரிங்க, சிரிங்க. வெளிநாட்டுக்காரன் நம்ம பழத்தைத் தொடமாட்டானாம். உங்க சோத்துல மண்ணைப் போட்டுட்டு, உங்க நல்லதுக்குத்தான்னு வேற சொல்றான். இந்த லோடு திரும்பி வந்தா அறுபது பேர் வீட்டுக்குப் போகணும். அதுக்கப்புறம் சிரிங்க.”

டோர்கஸ் டப்பாவைக் கவிழ்த்துப் பார்த்தாள். போன பருவத்தில் அடைத்து, லேபிள் ஒட்டாமல் கிடங்கில் அடுக்கி வைத்த சரக்கு. மூடியில் எழுத்தும் எண்களும் புடைத்திருந்தன. எண்கள் தேதி. முதல் எழுத்து இந்த ஆலையின் குறி.

பதினான்கு வயதில் கொட்டை எடுக்கும் மேஜைக்கு வந்தவள். இருபத்தொன்பது பருவம் ஆகிவிட்டது. விரல் நுனிகளைப் பழச்சாறு தின்றுவிட்டது. புது அடையாளப் புத்தகத்துக்கு ரேகை எடுத்தவன் மூன்று முறை மை தடவிப் பார்த்துவிட்டுத் திட்டினான். எட்டு வருஷம் மூடி எந்திரத்தில் எழுத்து மாற்றியவள் அவள்தான். புருஷன் கேப் டவுனுக்குப் போனவன் போனவன்தான். இருப்பது ஆலையின் வரிசை வீட்டில். வேலை போனால் மாதக் கடைசியில் சாவியைக் கொடுத்துவிட வேண்டும்.

போன வருஷம் தம்பி ஹென்னி அவள் அடுப்படியில் உட்கார்ந்து, எந்த எழுத்து எந்த ஆலை என்று கேட்டுக் கேட்டு சிகரெட் அட்டையில் எழுதிக்கொண்டான். அவன் தொழிற்சங்கத்து ஆள்.

“எதுக்குடா இதெல்லாம்?”

“வெளிநாட்டுத் துறைமுகத்துல நமக்கு ஆளுங்க இருக்காங்கக்கா. இவனுங்க லேபிளை மாத்திடுவானுங்க. மூடியைப் பத்தி எவன் நெனைப்பான்? அந்த எழுத்தைப் பாத்தே நம்ம ஆளுங்க சரக்கைத் திருப்பி அனுப்பிடுவாங்க. வெள்ளைக்கார ஆட்சி மாறுற வரைக்கும் இங்கேருந்து எதையும் வாங்காதேன்னு சொன்னதே நாமதானே.”

“வாங்கலேன்னா என் வேலை போயிடுமேடா.”

“போகும்” என்றான். பிறகு இன்னொரு துண்டு ரொட்டி கேட்டான்.

ஜூனில் போலீஸ் அவனைப் பிடித்துக்கொண்டு போனது. எட்டு மாதமாகிறது. வழக்கும் இல்லை, விசாரணையும் இல்லை. எந்தச் சிறை என்று சொல்லவே மூன்று மாதம் ஆயிற்று.

இந்த லேபிளைப் பார்த்ததிலிருந்து அவளால் ஓர் இடத்தில் நிற்க முடியவில்லை. பத்து மணிக்குள் இரண்டு முறை கை கழுவப் போய்வந்தாள். லேபிளைக் கோணலாக ஒட்டி, உரித்து, மறுபடி ஒட்டினாள். டப்பாக்களை அட்டைப்பெட்டியில் மூடி கீழே இருக்கும்படி வைத்தாள். பிறகு எல்லாவற்றையும் எடுத்து நேராக வைத்தாள்.

“என்னக்கா, கால்ல எறும்பு ஏறுதா?” என்றாள் சானா. “உன்னைப் பாத்து எனக்கும் கை ஓட மாட்டேங்குது. ஈஸ்டர் வரைக்கும் இந்த வேலை நின்னாப் போதும். எங்க வீட்டுக்காரருக்கு இன்னும் ஒண்ணும் அமையலே.”

“நிக்கும், நிக்கும். ஒட்டு” என்றாள் டோர்கஸ். தன் குரல் தனக்கே பிடிக்கவில்லை.

நான்கு மணிக்கு ஸ்டேட்லர் கூப்பிட்டனுப்பினான். போன வருஷம்தான் ஒயின் ஆலையிலிருந்து இங்கே வந்தவன். வெள்ளைக்காரன் அறைக்குள் அவளைப் போன்றவர்கள் போவதில்லை. வாசலில் கால்மிதியில் நின்றாள். அவன் ஒரு டப்பாவைக் கவிழ்த்துப் பிடித்திருந்தான்.

“நீ மூடி மெஷின்ல இருந்தவதானே? இது என்ன எழுத்து?”

சொன்னால் லோடை நிறுத்துவார்கள். உட்கார்ந்து தேய்த்து அழிக்கச் சொல்வார்கள். சரக்கு பத்திரமாகக் கரை சேரும். அறுபது பேருக்கும் வேலை இருக்கும், வீடும் இருக்கும். கண்ணாடிக்கு அப்பால் சானா ஒரு பெட்டிமேல் உட்கார்ந்து காலைத் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

“தேதிங்கய்யா” என்றாள் டோர்கஸ். “என்னிக்கு அடைச்சதுன்னு.”

“எல்லாமா? இந்த முதல் எழுத்தும்?”

“எல்லாமேதாங்க.”

அவன் டப்பாவை மேஜைமேல் வைத்தான். “சரி, போ.”

அவள் திரும்பி வந்து பசை வாளியை எடுத்தாள். பசை பாவாடையில் சிந்தியது.

“திட்டினானாக்கா?”

“இல்லே. தேதி கேட்டான்.”

மறுநாள் காலை ஏழே முக்காலுக்கு முதல் லாரி துறைமுகத்துக்குக் கிளம்பியது. டோர்கஸ் மதியம் வரை ஒட்டினாள். பசை தீர்ந்துபோனதால் நடுவில் பத்து நிமிடம் எல்லோரும் சும்மா இருந்தார்கள். சானா வேகவைத்த முட்டையில் பாதி கொடுத்தாள். டோர்கஸ் அதைத் தின்றாள். இரண்டு மணிக்கு இரண்டாவது லாரி போயிற்று. வெயில் கடுமையாக இருந்தது. சாயங்காலம் வீட்டுக்கு வந்து, ஹென்னிக்கு அனுப்ப இரண்டு பனியன்களைத் துவைத்துக் காயப்போட்டாள்.