பாக்குமட்டையில் விழுந்த உதைகள்

எங்கள் வீட்டுத் தெற்குச் சுவரில் ஓர் ஆணியில் இரண்டு பாக்குமட்டைத் துண்டுகள் தொங்குகின்றன. மட்டையை ஊறவைத்து, முழங்காலுக்குக் கீழே படியும்படி வளைத்து, பழைய வேட்டித் துணிக்குள் வைத்துத் தைத்தவள் நான். கட்டிக்கொண்டு கால்பந்து ஆடியவர் என் கொழுந்தனார், எழுபதுகளில் பாலக்காட்டுப் பக்கம் சித்தூர் காலேஜில் படித்தபோது. அதில் இருக்கும் குழியெல்லாம் எதிர் டீம்காரர்களின் பூட்ஸ் போட்டவை.

அவர் பேக். தம் பக்கத்துக் கோலுக்கு முன்னால் நின்று மறிக்கிற ஆள். நான் இரண்டாம் வகுப்போடு நின்றவள். பந்தாட்டம் ஒரு மண்ணும் தெரியாது. முதல் தடவை ஆட்டத்துக்குப் போனபோது அவரைப் பார்க்கத்தான் போனேன், அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். திடீரென்று எல்லோரும் எழுந்து கத்தினார்கள். திரும்பி வரும்போது, “கோலைப் பாத்தீங்களா நங்கை?” என்று கேட்டார். எங்கள் பக்கம் அண்ணியை அப்படித்தான் கூப்பிடுவார்கள். “இல்லீங்க தம்பி, உங்களத்தான் பாத்துட்டிருந்தேன்” என்றேன். “அப்ப ஆட்டத்தைப் பாத்தது நீங்க ஒருத்தர்தான்” என்று சிரித்தார்.

அவரைத் தாண்டிப் பந்து போனால் அதிசயம் என்று காலேஜே பேசியது. என் மாமனார் காதுக்கு அது எட்டவில்லை. டீக்கடையில் யாரோ வாசிக்கும் பேப்பரில் கோல் போட்டவன் பேர்தான் வரும். “ரண்டு வருசமா ஒதைக்கறான், ஒரு கோலு இல்ல. அந்தக் காலு ஏரோட்டத்தான் லாயக்கு” என்றார். சனிக்கிழமை பாலக்காட்டில் பெரிய ஆட்டம். தாமே வந்து பார்ப்பதாகவும், மகன் கோல் போடாவிட்டால் காலேஜுக்கு முழுக்கு என்றும் சொல்லிவிட்டார். கொழுந்தனார் தலை நிமிராமல் சோற்றைப் பிசைந்தார்.

மாமனாரோடு நானும் போயிருந்தேன். ஆட்டம் முடியப் போகிற நேரம். இரண்டு பக்கமும் கோல் இல்லை. பந்து கொழுந்தனார் காலுக்கு வந்தது. முன்னால் வெறும் புல்தரை. “போடா, போ” என்று மாமனார் பல்லைக் கடித்தார். இவர் இரண்டடி வைத்தார், பின்னால் காலியாகக் கிடந்த இடத்தைப் பார்த்தார், பந்தை வேறொருவனுக்குத் தட்டிவிட்டுத் திரும்பிவிட்டார். மாமனார் நெற்றியில் அடித்துக்கொண்டார். “மாமா, பந்தைப் பாக்காதீங்க. அவரை மட்டும் பாருங்க” என்றேன். அதற்குள் பந்து பறிபோய், எதிராளி ஒருவன் காளை மாதிரி வந்தான். இவர் குறுக்கே காலை வைத்தார். மட்டையில் விழுந்த உதை எங்களுக்கே கேட்டது; இவர் தரையில் விழுந்தார். அங்கிருந்து தெறித்த பந்தைத்தான் எங்கள் பையன்கள் கொண்டுபோய்க் கோலாக்கினார்கள். மைதானமே அந்தப் பக்கம் பார்த்துக் குதித்தது. மாமனார் மட்டும் இந்தப் பக்கம் பார்த்து, “எந்திரிச்சுட்டான்” என்றார்.

கோல் போட்டவனை எல்லோரும் தோளில் தூக்கினார்கள். மாமனார் உள்ளே போய் மகன் காலடியில் குந்தி, மட்டையை அவிழ்த்துக் காலைத் தடவிப் பார்த்தார். திரும்பும் பஸ்ஸில், “தண்ணியத்தான் எல்லாரும் பாக்கறாங்க. வரப்பை ஆரு பாக்கறா” என்றார்.

“திங்கக்கெழம நடவுங்களே ஐயா” என்றார் கொழுந்தனார்.

“நடவ நாங்க பாத்துக்கறம். நீ காலேஜுக்குப் போ.” என் பக்கம் திரும்பி, “மட்டை ஒடஞ்சிருச்சு அம்மிணி, புதுசா ஒண்ணு தெச்சுக் குடு” என்றார்.

அப்புறம் யுனிவர்சிட்டி டீம், அதைப் பிடித்து சர்க்கார் வேலை, அங்கேயும் பத்து வருடத்துக்கு மேல் ஆட்டம். கடைசிவரை ஒரு கோல் போடவில்லை. போன பொங்கலுக்கு வந்தவர் வேட்டியை மடித்துக் கட்டி உட்கார்ந்திருந்தார். எழுபது தாண்டிய கால், கீறல் ஒன்றில்லை. ஆணியைப் பார்த்து, “இதை இன்னும் ஏன் நங்கை வெச்சிருக்கீங்க?” என்றார்.

“உங்க ஆட்டம் வந்த பேப்பரு இது ஒண்ணுதானுங்க தம்பி” என்றேன். எடுத்துத் தூசியைத் தட்டி, மறுபடி மாட்டினேன்.