மூன்றாவது சுற்று

கல்யாணத்துக்கு முந்தின நாள், அப்பாவை எப்படியாவது கல்யாணம் நடக்கவிருந்த யாங்கோன் செங்கல் பேராலயத்துக்குள் நுழைய வைத்துவிட வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றேன். மாப்பிள்ளை இன்சீன்காரர், தமிழ்க் கத்தோலிக்கர். அவர்கள் கல்யாணத்தில் பெண்ணின் கையைப் பிடித்துப் பீடம்வரை கூட்டிப் போவது அப்பாதான். என் அப்பாவோ வருஷம் தவறாமல் தீமிதிக்கிற ஆள். கல்யாணத்துக்குச் சம்மதித்தார், சமையலுக்கு ஆள்கூடப் பிடித்தார். "உள்ளே மட்டும் கூப்பிடாதேம்மா. வாசல்ல நிக்கிறேன்" என்று முடித்துவிட்டார். அவர் இல்லாமல் தனியாக நடக்க எனக்கு மனசே வரவில்லை. அழுகையும் கோபமும் மாறி மாறி வந்தன.

நான் சொல்லிக் கேட்காத அப்பாவை அந்தக் கட்டடமாவது இழுக்கட்டும் என்று கூட்டிப் போனேன். எனக்கு அதன்மேல் அப்படியொரு பைத்தியம். எங்கள் பேட்டை தாமுவேயில் பஸ் ஏறியதிலிருந்து வாய் ஓயவில்லை. அந்த இடம் ஒரு காலத்தில் வெறும் சேறு, அதில் அஸ்திவாரம் போட்டதே பெரும்பாடு என்றேன். பூகம்பம் வந்தது, சண்டைக் காலத்துக் குண்டில் வண்ணக் கண்ணாடியெல்லாம் நொறுங்கியது, சுவர் மட்டும் அசையவில்லை என்றேன்.

"மூச்சு விட்டுப் பேசும்மா" என்றார் அப்பா.

வாசலில் இறங்கியதும், பயாவுக்கு, அதாவது புத்தர் கோயிலுக்குப் போனால் கழற்றுவதுபோலச் செருப்பைக் கழற்றினார். உள்ளே போகவில்லை. கட்டடத்தை வலம் வர ஆரம்பித்துவிட்டார்! காவலாளி வாயைப் பிளந்தார்.

"சாமி இருக்கிற இடம். வந்துட்டு மூணு சுத்து சுத்தாமப் போறதா?"

நானும் வெறுங்காலோடு பின்னால் ஓடினேன். சுவருக்கு முட்டுக்கொடுத்து நிற்கும் உதைசுவர்களைக் காட்டினேன். மேலே இருக்கிற வளைவுகளின் கனம் சுவரை வெளியே தள்ளும், இவை உள்ளே தள்ளும், அதனால்தான் இவ்வளவு உயரம் என்றேன். அப்பா ஒன்றைத் தட்டிப் பார்த்தார். "தள்ளுறவனுக்கு ஏத்த ஆள்தான்" என்றார். எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

மூன்றாவது சுற்றில் பின்பக்கம் திரும்பியபோது மழை கொட்டிவிட்டது. யாங்கோன் மழைக்குத் தூறத் தெரியாது. "ஓடி வாங்கப்பா, ஷெட்டுக்குப் போயிடலாம்!" என்று கத்தினேன்.

"சுத்தைப் பாதியில விடக் கூடாது."

பக்கவாட்டுக் கதவு ஒன்று திறந்திருந்தது. அப்பா சட்டென்று அதற்குள் புகுந்தார். புகுந்தவர் நிற்கவில்லை. கைலியில் தண்ணீர் சொட்ட, நடுக்கூடம் வலக்கைப் பக்கம் இருக்கும்படி, தூண்களை ஒட்டி அதே வேகத்தில் வலத்தைத் தொடர்ந்தார். உள்ளே வந்ததையே அவர் கவனிக்கவில்லை! பேசினால் காரியம் கெட்டுவிடும் என்று வாயைப் பொத்திக்கொண்டேன்.

முன்வாசலில் சுற்று முடிந்தது. கதவு திறந்தே இருந்தது. வெளியே போய்விடுவார் என்றுதான் நினைத்தேன். கும்பிடுவதற்காகத் திரும்பினார்.

அப்போதுதான் அந்த நீளம் முழுவதும் அவர் கண்ணில் பட்டது. வரிசையாகக் கூர்வளைவுகள். கூப்பிய கைகள்போல உச்சியில் சேரும் கூரை விலாக்கள். தலையை அண்ணாந்து வெகுநேரம் பார்த்தார். பிறகு பார்வை மெல்ல இறங்கி, கடைசியில், ஒத்திகைக்காகப் பீடத்தருகே காத்து நின்ற மாப்பிள்ளையிடம் போய் நின்றது. அங்கிருந்து பார்க்க அவர் சின்னப் பிள்ளை மாதிரித் தெரிந்தார்.

"அடி என் தாயே" என்று என் கையைப் பிடித்தார் அப்பா. "இவ்வளவு தூரத்தை நீ தனியாவா நடந்திருப்பே?"