வங்கிக் கடனைத் தராசில் போட்ட ராசம்மா

ஹட்டன் பஸ் நிலையத்தில் இறங்கி, மரக்கறி லொறி சோலைமலை வீடு எது என்று கேட்டால் சின்னப் பிள்ளையும் கை காட்டும். டிக்கோயாப் பாதையில் மேட்டின்மேல், கூரைக்குக் கொங்கிரீட் தட்டுப் போட்ட வீடு. தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்து, மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டு, லொறியில் கிளீனராக ஏறி, சாரதியாகி, பிறகு அதே ரோட்டில் சொந்த லொறி ஓட்டியவன் நான். எனக்கு யாரும் ஒரு சல்லிக்காசு கொடுத்துத் தூக்கிவிடவில்லை. இதையும் நானேதான் எழுதுகிறேன். எழுத்துப் பிழை இருந்தால் படித்தவர்கள் திருத்திக்கொள்ளட்டும்.

ஆனால் இது என்னைப் பற்றிய எழுத்தல்ல. அந்த வீடு இன்றைக்கும் எங்களிடம் இருப்பதற்குக் காரணமான என் மனைவி ராசம்மாவைப் பற்றியது. இடையில் நானும் கொஞ்சம் வருவேன். அதைத் தவிர்க்க முடியாது.

ராசம்மா டிக்கோயாவுக்கு மேலே ஒரு தோட்டத்தில் பிறந்தவள். அவள் வீட்டில் ஏழு பேருக்கு லயத்தில் ஒரே அறை, ஒரு காம்பரா. அவளுடைய அப்பா பென்சன் வயதில் வேலையை விட்டபோது, வீட்டில் வேறு யாராவது தோட்டத்தில் பேர் பதியாவிட்டால் காம்பராவை விட வேண்டியிருக்கும் என்று ஆபீசில் சொன்னார்கள். அதனால் பதினாறு வயதில் ராசம்மா கூடையை எடுத்தாள். கொழுந்து பறிக்கப் பிடித்ததா பிடிக்கவில்லையா என்று அவளிடம் யாரும் கேட்கவில்லை. கூரை போகாமலிருக்க அவள் மலை ஏறினாள், அவ்வளவுதான்.

அவளுடைய கை வேகத்தைப் பற்றி நான் சொன்னால் புருஷன்காரன் பெருமை பேசுகிறான் என்பீர்கள். கை வேகத்தை விடுங்கள், அவளைத் தோட்டம் முழுக்க அறியவைத்தது அவளுடைய வாய். கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் ஒரு வழக்கம் உண்டு. கூடைக்கு இவ்வளவு, ஈரத்துக்கு இவ்வளவு என்று கழித்துவிட்டு, மிச்சத்தைத்தான் பறித்தவள் பேரில் எழுதுவார்கள். மலையில் நாள் பூராவும் பறித்தது ஒரு அளவு, துண்டுச் சீட்டில் விழுவது இன்னொரு அளவு. எல்லோரும் முணுமுணுத்துக்கொண்டு போவார்கள். ராசம்மா ஒரு நாள் கொழுந்தைச் சாக்கில் கொட்டிவிட்டு, வெறுங்கூடையைத் தூக்கித் தராசில் மாட்டினாள். கூடைக்கென்று கழிக்கிற எடையில் பாதிகூடக் கூடை இல்லை. கணக்கப்பிள்ளை அழகன் சத்தம் போட்டார். அவள் சத்தம் போடவில்லை.

“எவ்வளவு வேணும்னாலும் கழிங்க ஐயா. ஆனா எவ்வளவு கழிக்கிறீங்கன்னு எங்களுக்குச் சொல்லிட்டுக் கழிங்க” என்றாளாம்.

அடுத்த வாரத்திலிருந்து கூடைக் கழிவு குறைந்தது. அந்தக் கதையைக் கேட்டுத்தான் நான் அவளைப் பெண் கேட்டுப் போனேன். இப்படிப்பட்ட ஒருத்தி நமக்கு எதிர்ப்பக்கத்தில் இருப்பதைவிட நம் பக்கத்தில் இருப்பது நல்லது என்று எனக்குத் தோன்றியது. வாழ்க்கையில் நான் போட்ட கணக்குகளில் சரியாக வந்த முதல் கணக்கு அது.

கல்யாணத்துக்குப் பிறகும் அவள் வேலையை விடவில்லை. நான் லொறி வாங்கி நாலு பேர் மதிக்கிற ஆளான பிறகும் நாங்கள் லயத்தில்தான் இருந்தோம். அவளுக்கு நகை ஆசை இல்லை, சேலை ஆசை இல்லை. ஒரே ஒரு ஆசை. யாரும் வந்து எழும்பிப் போ என்று சொல்ல முடியாத ஒரு வீடு.

இரண்டாயிரத்துப் பதினேழில் இந்த வீடு விலைக்கு வந்தது. கையில் பத்து லட்சம் வைத்திருந்தேன். மிச்சம் முப்பது லட்சத்துக்கு வங்கிக்குப் போனோம். எங்கள் மகள் தனுஜா வலப்பனைப் பக்கம் அரசாங்கப் பள்ளிக்கூடத்தில் ஆசிரியை. அவளும் சேர்ந்து கையெழுத்துப் போட்டதால் இருபது வருஷத் தவணை கிடைத்தது. லொறி என் பேரில் இருக்கிறது, வீடு உன் பேரில் இருக்கட்டும் என்று ராசம்மா பேரில் வீட்டு உறுதிப் பத்திரம் எழுதினேன். அந்த உறுதியை ஈடாக வாங்கி வங்கி வைத்துக்கொண்டது. மாதம் முப்பத்தேழாயிரத்து முந்நூறு. ஹட்டனில் அத்தனை கடைக்காரர் இருக்கிறார்கள், என்னைப்போல ஒரு தவணையும் தவறாமல் கட்டியவனைக் காட்டுங்கள் பார்ப்போம். கொரோனாக் காலத்தில்கூட மரக்கறி லொறிக்குப் பாஸ் இருந்தது, நான் கட்டினேன்.

கட்டும்போது என் மனதில் இருந்த கணக்கு தோட்டத்துக் கணக்கு. தீபாவளிக்கு முற்பணம் தருவார்கள், மாதா மாதம் சம்பளத்தில் பிடிப்பார்கள், பிடித்தது போக மிச்சம்தான் கடன். பதினைந்தாயிரம் வாங்கினால் பதினைந்தாயிரம்தான் பிடிப்பார்கள். வட்டி என்ற பேச்சே இல்லை. லயத்தில் பிறந்த எவனைக் கேட்டாலும் கடன் என்றால் அப்படித்தான் என்பான். வங்கி கொஞ்சம் வட்டி சேர்க்கும் என்று தெரியும். அது கடைசியில் ஏதோ ஒரு தொகை வரும், பார்த்துக்கொள்ளலாம் என்றிருந்தேன்.

பிறகு இரண்டாயிரத்து இருபத்திரண்டு வந்தது. அந்த வருஷத்தை இலங்கையில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. டீசல் இல்லை. லொறி வரிசையில் நின்றது, நான் லொறிக்குள் படுத்திருந்தேன். அந்த நேரத்தில் வங்கியிலிருந்து தொலைபேசியில் கூப்பிட்டார்கள். நாட்டில் வட்டி ஏறிவிட்டதால் இனித் தவணை ஐம்பத்தேழாயிரத்துக்கு மேல் வரும், வந்து பேசுங்கள் என்றார்கள்.

நான் பயப்படவில்லை. இருபத்திரண்டு லட்சத்துக்கு மேல் கட்டியாயிற்று, மிச்சம் எட்டு லட்சம்தானே, எங்காவது புரட்டிக் கட்டிவிட்டு வருகிறேன் என்று கிளம்பினேன். உறுதி தன் பேரில் இருப்பதால் தானும் வருவேன் என்று ராசம்மா சேலை மாற்றிக்கொண்டு வந்தாள்.

வங்கியில் கடன் பகுதியில் இருந்தவர் கஜேந்திரன் என்ற இளைஞர். கொட்டகலைப் பிள்ளை, மரியாதை தெரிந்தவர். எட்டு லட்சத்தை எப்படிக் கட்டுவது என்று நான் கேட்டேன். அவர் திரையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

“ஐயா, வாங்குன முதல்ல இன்னும் இருபத்தெட்டு லட்சம் இருக்குதுங்க” என்றார்.

ஐந்து வருஷம் கட்டியது எங்கே போனது, யார் எடுத்தது என்று நான் எழும்பி நின்று கேட்டேன். பக்கத்து வரிசையில் இருந்தவர்கள் திரும்பினார்கள். ராசம்மா என் சட்டையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தாள். பிறகு அவரிடம் அவள் கேட்ட கேள்வியை நான் சாகும்வரை மறக்க மாட்டேன்.

“தம்பி, இவர் மொத மாசம் கொண்டாந்து கொட்டுனதுல, கழிவு போக எங்க பேர்ல எவ்வளவு எழுதுனீங்க?”

கஜேந்திரன் சிரிக்கவில்லை. கழிவு என்றால் என்னம்மா என்று கேட்டார். அவள் கூடையையும் தராசையும் பற்றிச் சொன்னாள். அவர் நாற்காலியை எங்கள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

“அம்மா கேட்டது சரியான கேள்விங்க. மொத மாசம் கட்டுனது முப்பத்தேழாயிரத்து முந்நூறு. அதுல முப்பத்தையாயிரம் வட்டிக்குப் போயிரும். ஒங்க பேர்ல விழுந்தது ரெண்டாயிரத்து முந்நூறு.”

வட்டியை முன்னாடியே எடுத்துக்கொண்டு மிச்சத்தைத்தான் வாங்கிய முதலில் கழிப்பார்கள் என்றும், முதல் பெரிதாக இருக்கிற ஆரம்ப வருஷங்களில் வட்டியும் பெரிதாக இருக்கும் என்றும் பொறுமையாகச் சொன்னார். ஐந்து வருஷத்தில் கட்டிய இருபத்திரண்டு லட்சத்தில் முதலுக்குப் போனது இரண்டு லட்சம் அளவுதான். யாரும் களவெடுக்கவில்லை, எல்லாம் நாங்கள் கையெழுத்துப் போட்ட தாளில் இருந்ததுதான். இருபது வருஷமும் ஒழுங்காகக் கட்டியிருந்தால் மொத்தம் எவ்வளவு என்று ராசம்மா கேட்டாள். பழைய வட்டியிலேயே தொண்ணூறு லட்சத்துக்குக் கிட்ட வரும் என்றார். முப்பது லட்சம் வாங்கியதற்கு. இப்போதைய வட்டி அப்படியே நின்றால் ஒன்றேகால் கோடி.

“பத்துல ஒரு பங்குகூட நம்ம பேர்ல விழலிங்களே” என்றாள் ராசம்மா என்னிடம். குரலில் கோபம் இல்லை. மடுவத்திலிருந்து துண்டை வாங்கிப் பார்க்கிறவள் குரல்தான் அது.

ஆரம்பத்திலேயே தவணையோடு ஐயாயிரம் பத்தாயிரம் கூடக் கட்டி, அதைக் கடன் முதலில் கழிக்கச் சொல்லியிருந்தால் பின்னால் வருகிற வருஷங்கள் பல அறுந்து போயிருக்கும் என்று கஜேந்திரன் சொன்னார். அப்படிக் கட்ட முடியும் என்பதே எங்களுக்குப் புதுச் செய்தி. அவள் உடனே அடுத்ததைக் கேட்டாள். இன்றைக்கு முழு முதலையும் கட்டினால்? முன்கூட்டி முடிப்பதற்கு ஒரு சிறு கட்டணம் உண்டு, அதற்குப் பிறகு ஒரு சதமும் இல்லை என்றார்.

வீட்டுக்கு வந்து தேநீர் ஊற்றி வைத்துவிட்டுத்தான் சொன்னாள்.

“லொறிய வித்துருவோங்க.”

நான் ஆடிப்போனேன். வட்டி எப்படியும் ஒரு நாள் இறங்கும், அவசரப்படாதே என்றேன். இறங்கட்டும், பழைய வட்டிக்கே இறங்கினாலும் இந்த இருபத்தெட்டுக்கு இன்னும் அறுபத்தேழு லட்சம் கட்ட வேண்டும் என்று அந்தத் தம்பி சொன்னாரே, கேட்கவில்லையா என்றாள். நான் கேட்டிருக்கவில்லை. அந்த நேரம் நான் யாருக்குச் சத்தம் போடலாம் என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

“லொறி இல்லாத சோலைமலைய இந்த ஹட்டன்ல எவனுக்குத் தெரியும்?” என்றேன்.

“எனக்குத் தெரியுமே. நான் கட்டிக்கிறப்ப ஒங்ககிட்ட லொறியா இருந்துச்சு? அடுத்தவன் லொறியில கிளீனராத்தானே தொத்திக்கிட்டு வந்தீங்க.”

லொறி டீசலுக்கு நிற்கிறது, வீடு வங்கியில் நிற்கிறது. இரண்டில் எது போனால் திரும்ப வாங்கலாம் என்று பாருங்கள் என்றாள். இரண்டு தவணை தவறினால் தனுஜாவின் சம்பளத்திலும் கை வைப்பார்கள் என்றாள். அந்தப் பிள்ளைக்கு அப்போதுதான் கல்யாணம் ஆகியிருந்தது.

வெளிநாட்டு வாகனம் இறக்குவதை நாட்டில் நிறுத்தி வைத்திருந்த காலம் அது. பழைய லொறிக்கும் நல்ல விலை இருந்தது. ஹட்டனில் இரும்புக் கடை வைத்திருக்கும் சுதாகரன் முப்பத்தொரு லட்சத்துக்குக் கேட்டார். சோலைமலை வைத்திருந்த வண்டியில் ஒரு ஆணி ஆடாது என்று சொல்லி முப்பத்துநாலுக்குக் கொடுத்தேன். சாவியைக் கொடுத்த பிறகு கடைக்குப் பின்னால் போய் முகம் கழுவிக்கொண்டேன். ராசம்மா பார்த்தாள். பார்க்காத மாதிரி பக்கத்துக் கடையில் தேங்காய் விலையைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

கடனை முடித்து, ஈட்டை நீக்கிப் பதிவு செய்து, உறுதி கைக்கு வரச் சில வாரம் எடுத்தது. அதை வாங்கிய அன்று கஜேந்திரன் எழும்பி நின்று இரண்டு கையாலும் ராசம்மாவிடம் கொடுத்தார். அவள் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு வாங்கினாள்.

“இனி யாரும் வந்து எழும்புன்னு சொல்ல ஏலாதுதானே தம்பி?”

“ஏலாதுங்கம்மா. யாராலயும் ஏலாது.”

அவள் அழவில்லை. கொஞ்ச நேரம் அங்கேயே உட்கார்ந்திருந்தாள். அவசரமில்லாமல் அவள் எங்கேயாவது உட்கார்ந்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

மூன்றாம் மாதம் சுதாகரன் வீடு தேடி வந்தார். அந்த லொறியை மேட்டில் ஏற்ற அவருடைய சாரதிக்குத் தெரியவில்லை, நான் ஓட்டித் தர முடியுமா என்றார். இந்த மலைநாட்டில் அதை ஓட்ட வேறு ஆள் இல்லை என்பது எனக்கு முன்பே தெரியும். இன்றைக்கு வாரத்தில் நாலு நாள் சம்பளத்துக்கு ஓட்டுகிறேன். மிஞ்சிய ஐந்து லட்சத்தைப் போட்டு லயத்தார் போடும் மரக்கறித் தோட்டங்களிலிருந்து போஞ்சியும் லீக்ஸும் வாங்கி அதே லொறியில் கொழும்புக்கு அனுப்புகிறேன். பிறகு வட்டி இறங்கியது. அவசரப்பட்டு விற்றுவிட்டாயே என்று சிலர் கேட்டார்கள். அறுபத்தேழு லட்சத்தை எண்ணிக் காட்டச் சொன்னேன், போய்விட்டார்கள்.

நான் லொறிக்கு மாலை போட்டிருக்கிறேன், சாமிக்குக் கிடாய் வெட்டியிருக்கிறேன், முதன்முதலில் வேலை கொடுத்த முதலாளியின் காலில் விழுந்திருக்கிறேன். என் வயது ஆண்கள் பெண்டாட்டிக்கு நன்றி சொல்லிப் பழகவில்லை. அதனால்தான் எழுதுகிறேன். முழுவதையும் நேற்று அவளுக்கு வாசித்துக் காட்டினேன்.

“என்னயப் பத்தின்னு சொல்லிட்டு பாதிக்கு மேல நீங்கதான் இருக்கீங்க” என்றாள். பிறகு மழை வருகிறது என்று சொல்லி, எங்கள் வீட்டுத் தட்டில் காய்ந்த துணியை எடுக்க மேலே போனாள்.