சவரிமுத்துவின் பாதமும் தெரேசாவின் வலியும்

தொழுநோய் இன்ஸ்பெக்டராகச் சேர்ந்த முதல் வாரமே இண்டூர்ப் பக்கம் சர்வேக்கு அனுப்பினார்கள். அறுபதுகளின் கடைசி. பரிசோதனை எளிது. நோயாளி கண்ணை மூடிக்கொள்வார். கோழி இறகாலோ குண்டூசியாலோ நாம் தொட்ட இடத்தைக் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் அங்கே உணர்ச்சி இல்லை.

சவரிமுத்துவுக்கு நாற்பது வயதிருக்கும். இரண்டு பாதமும் மரத்து, இடது பாதத்தில் ஆறாத புண். தங்கை தெரேசாதான் ஒன்பது வருஷமாகக் கட்டுப் போட்டு வந்தாள். அதனாலேயே அவளைப் பெண் கேட்டு யாரும் வரவில்லை.

வாசல் வெயிலில் அவரை உட்காரவைத்து பாதத்தில் ஊசியால் குத்தினேன்.

"ஒண்ணும் தெரியலைங்க சார்."

எங்களுக்கு முதுகு காட்டி ராகி புடைத்துக்கொண்டிருந்த தெரேசா சொன்னாள்: "சுண்டு வெரலுக்குக் கீழங்க."

நான் குத்தியது அதே இடம்தான். வேறு இடத்தில் குத்தினேன்.

"குதிகாலுங்க." அவள் திரும்பவேயில்லை.

மூன்றாவது முறை ஊசியை அந்தரத்தில் பிடித்துக்கொண்டு, "இப்ப?" என்றேன்.

"இன்னும் குத்தலீங்களே."

ஊசியைக் கீழே வைத்துவிட்டேன். சவரிமுத்து சிரித்தார். "அவ அப்படித்தாங்க. போன மாசம் தணல மிதிச்சிட்டேன், எனக்குத் தெரியல. காட்டுல களை வெட்டிக்கிட்டிருந்தவ கத்திக்கிட்டு வூட்டுக்கு ஓடியாந்தா."

புண் எலும்புவரை போயிருந்தது. எங்கள் கிளினிக் டாக்டர் வெளியூர் ஆஸ்பத்திரியில் சேர்க்கச் சொன்னார். ஜீப்பில் ஏற்றும்போது தெரேசா, "நானும் கூட வரலாமுங்களா?" என்றாள்.

"ஆம்பளைங்க வார்டும்மா. நீங்களும் கொஞ்சம் ஓய்வா இருங்க" என்றேன். நல்லது செய்வதாகத்தான் நினைத்தேன்.

அவரைச் சேர்த்த மூன்றாவது வாரம், புதன்கிழமை நண்பகலில், எங்கள் கிளினிக் வாசலில் தெரேசா இடது காலைப் பிடித்துக்கொண்டு விழுந்து கிடந்தாள். "அறுக்கறாங்க சார்! நிறுத்தச் சொல்லுங்க!" காலில் ஒரு கீறல்கூட இல்லை. ஆஸ்பத்திரியிலிருந்து அதுவரை எந்தத் தகவலும் வரவில்லை.

சனிக்கிழமை கடிதம் வந்தது. புதனன்று நண்பகல் சவரிமுத்துவின் இடது பாதத்தை எடுத்துவிட்டிருந்தார்கள்.

அவர் ஊன்றுகோலோடு தெம்பாகத்தான் திரும்பினார். தெரேசா கடைசிவரை இடது காலை இழுத்தே நடந்தாள். எந்த டாக்டராலும் காரணம் சொல்ல முடியவில்லை.

அதன்பின் எந்த நோயாளியை அனுப்பினாலும், அவருக்குக் கட்டுப் போட்டவரையும் கூடவே ஜீப்பில் ஏற்றினேன். வார்டில் இடமில்லை என்றால் வராந்தாவில் ஒரு பாய்க்கு இடம் கேட்டுச் சண்டை போட்டேன். ஏன் இந்தப் பிடிவாதம் என்று கேட்டவர்களிடம், கட்டு மாற்ற ஆள் வேண்டும் என்று மட்டும் சொல்லிவைத்தேன்.