மருந்தடித்த பன்னீர் ரோஜா

போன கார்த்திகையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, சிங்காநல்லூரில் எங்கள் வீட்டில் நடந்தது இது. புரட்டாசியில் நான் கிளைகளை வெட்டிக் கவாத்து செய்துவிட்ட பன்னீர் ரோஜாச் செடி, மதில் ஓரமாகக் கொத்துக் கொத்தாகப் பூத்திருந்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. பக்கத்து வீட்டு அம்மாவிடம், "எப்ப வேணும்னாலும் பறிச்சுக்குங்க, கேக்கவே வேண்டாமுங்க" என்று பெரிய வள்ளல் மாதிரி சொல்லி வைத்திருந்தேன்.

மொட்டுகளில் அசுவினிப் பூச்சி மொய்த்ததால் அன்று விடிந்ததும் பூச்சிமருந்து அடித்தேன். முகத்தில் துண்டு கட்டிக்கொண்டேன். தலையில் பூ வைக்காதே என்று மனைவியிடம் சொன்னேன். நாயைக்கூடக் கட்டிப்போட்டேன். அப்புறம் குளிக்கப் போய்விட்டேன்.

இட்லி சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து குரல்.

"ஏனுங்கண்ணா, பத்துப் பூ பறிச்சுப்போட்டேனுங்க. மருமகளுக்கு ரோஜாப்பூ திங்கோணும்னு ஆசைங்க. ஏழு மாசமில்லீங்களா!"

ஐயோ! எச்சில் கையோடு, செருப்புகூடப் போடாமல் அடுத்த வீட்டுக்குள் ஓடினேன். அந்தப் பெண் கிண்ணத்தில் தேன் ஊற்றிய இதழ்களோடு உட்கார்ந்திருந்தாள். பிடுங்கி வீசினேன்.

"வாயில போட்டியா அம்மணி?"

"ரெண்டே இதழுங்க மாமா..." அவள் முகம் வெளுத்துவிட்டது.

மருந்து டப்பாவைக் கையில் எடுத்துக்கொண்டு காரில் ஆஸ்பத்திரிக்குப் பறந்தோம். டாக்டர் டப்பாவைப் படித்துவிட்டு அவளை உள்ளே கொண்டுபோனார். அந்த மூன்று மணி நேரம் நான் உட்காரவே இல்லை. ரெண்டு உயிரய்யா! மத்தியானம் டாக்டர் வந்து, தாய்க்கும் பிள்ளைக்கும் ஒன்றுமில்லை என்று சொன்னபோதுதான் எனக்கு மூச்சு வந்தது.

அந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். "கேக்காம பறிச்சது என் தப்புங்கண்ணா. நீங்க மட்டும் ஓடி வரலீன்னா..." என்றார்.

கேட்க வேண்டாம் என்று சொன்னதே நான்தான். மருந்தடித்ததும் மதிலுக்கு அந்தப் பக்கம் ஒரு வார்த்தை சொல்லாமல் விட்டதும் நான்தான். ஆனால், "பரவால்லீங்க, விடுங்க" என்று நான் அவரை மன்னிப்பதுபோல் தேற்றினேன். தெருவெல்லாம் என்னைப் புகழ்ந்தது, அதையும் கேட்டுக்கொண்டேன்.

இப்போது அந்த வீட்டுக் குழந்தை தவழ்கிறது. அதைத் தூக்கிக்கொண்டு வந்து "தாத்தாகிட்டப் போ கண்ணு" என்று அந்த அம்மா நீட்டும்போதெல்லாம், அன்றைக்கே அவரிடம் கேட்டிருக்க வேண்டிய மன்னிப்பை இன்றும் கேட்காமல், கையை நீட்டிக் குழந்தையை வாங்கிக்கொள்கிறேன்.