இருபத்தாறா, முப்பத்திநாலா

சித்தூரிலிருந்து குடிபாலா போகிற ரோட்டில் ஒரு மாம்பழக் கூழ் ஃபேக்டரி. போன சீசனில் அதன் கேட்டுக்கு வெளியே மூன்று நாள் கிடந்தேன். டிராக்டரும் என்னுடையதல்ல, மாங்காயும் என்னுடையதல்ல. புத்தலப்பட்டில் ஒரு தோட்டக்காரருடைய கிளிமூக்கு மாங்காயை ஏற்றிக்கொண்டு போயிருந்தேன். இறக்கினால் எனக்குக் கூலி. காத்திருக்கிற இடத்திலேயே பழுத்து ஒழுகினால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். ரோட்டோரம் கொட்டிவிட்டு வெறும் டிரெய்லரோடு போய் அவர் முகத்தில் முழிக்க வேண்டும்.

வரிசை என்று பேர்தானே தவிர, வரிசையாக யாரும் நிற்கவில்லை. நிழல் கண்ட இடத்தில் வண்டியை விட்டிருந்தார்கள். எல்லாம் டோக்கன்படிதான். வாட்ச்மேன் ஒரு கட்டிலிருந்து கிழித்துக் கொடுப்பார். யாருக்கு எந்த நம்பர் என்று எங்கேயும் எழுதி வைக்கமாட்டார்.

முதல் நாளே சீட்டாட்டத்தில் அடிதடி வந்து, வாட்ச்மேன் சீட்டுக்கட்டைப் பிடுங்கிக்கொண்டார். பிறகு பொழுது போக வழி சொன்னவர் ஒரு டியூஷன் வாத்தியார். புத்தூரில் கணக்குச் சொல்லிக் கொடுப்பவர், மாங்காய்க் காலத்தில் மட்டும் மாமனாருடைய டிராக்டரை ஓட்டுகிறவர். அவர் போட்ட சட்டம் இதுதான்: டோக்கன் நம்பரை யார் கேட்டாலும் நேராகச் சொல்லக்கூடாது, கணக்காகத்தான் சொல்ல வேண்டும்.

"என்னுது ரெண்டு இலக்கம். ரெண்டையும் கூட்டினா பதினொன்னு. திருப்பிப் போட்டா இருபத்தேழு கூடும். சொல்லுங்க பார்ப்போம்" என்றார்.

நான் ஏழாவதோடு நின்றவன். அதற்கப்புறம் திருப்பதியில் லாட்ஜ் படுக்கை விரிப்புகள் துவைத்தேன், சூளூர்பேட்டைப் பக்கம் இறால் குட்டைக்குத் தீனி போட்டேன், இரண்டு செங்கல் சூளையில் கல் அறுத்தேன். எங்கேயும் யாரும் எக்ஸ், ஒய் கேட்கவில்லை. எனக்குத் தெரிந்த வழி, பத்திலிருந்து ஒவ்வொரு நம்பராகப் போட்டுப் பார்ப்பதுதான். குச்சியால் மண்ணில் எழுதிக்கொண்டே போனேன். இருபத்தொன்பது ஆகவில்லை. முப்பத்தெட்டு ஆகவில்லை. நாற்பத்தேழு சரியாக வந்தது.

"விடை சரி. ஆனா நீ எண்ணி முடிக்கறதுக்குள்ள மாங்கா பழுத்து, கொட்டையும் முளைச்சிரும்" என்றார் வாத்தியார். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள்.

என் முறை வந்தது. என் டோக்கன் இருபத்தாறு. "ரெண்டையும் பெருக்கினா பன்னெண்டு. திருப்பிப் போட்டா பெரிசாவும்" என்றேன். அவர் கண்ணை மூடித் திறந்து, "முப்பத்திநாலு" என்றார்.

மனசுக்குள் பெருக்கிப் பார்த்தேன். மூன்று நாலு பன்னிரண்டு. திருப்பினால் நாற்பத்திமூன்று, பெரிசுதான். என் கணக்குக்கு இன்னொரு விடை இருப்பது எனக்கே அப்போதுதான் தெரிந்தது. ஆனால் அத்தனை பேரையும் என்னைப் பார்த்துச் சிரிக்க வைத்தவர் தப்பான விடையோடு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிவதைப் பார்க்க ஆசையாக இருந்தது. "சரிதான் சார்" என்று தலையாட்டினேன். இரண்டு நாள் அந்த சந்தோஷம் எனக்குப் போதுமானதாக இருந்தது.

மூன்றாம் நாள் காலையில் டிரெய்லரின் பின்பக்கம் சாறு சொட்ட ஆரம்பித்தது. ஈ மொய்த்தது. இருபத்திமூன்று உள்ளே போயிருந்தது. உள்ளே போகும்போது மனுஷனாகப் போவோம் என்று பக்கத்து வயல் பம்ப்செட்டில் குளித்து, சட்டையையும் கும்மித் துவைத்தேன். டோக்கன் சட்டைப் பையில் இருந்தது. வெளியே எடுத்தபோது ஊறின அப்பளம் மாதிரி விரலில் ஒட்டியது. ஒரு எழுத்தும் மிஞ்சவில்லை.

கேட்டில் "இருபத்தாறு" என்று கூப்பிட்டதும் போய் நின்றேன்.

"டோக்கன் ஏதி?" என்றார் வாட்ச்மேன். கையிலிருந்த கூழைக் காட்டினேன். "கூழு உள்ள போடறாங்க. நீ வெளியவே போட்டுட்டியா?"

"நான்தாங்க இருபத்தாறு."

"நேத்து ஒருத்தன் இப்பிடித்தான் சொன்னான். உள்ள விட்டேன். நெசமான ஆளு துன்னப் போயிருந்து, டோக்கனோட வந்து நின்னான். என் வேலை போயிருக்கும். சாட்சி இருக்கா?"

வாத்தியாரைக் கூட்டிவந்தேன். அவர் பொய் பேசத் தெரியாதவர். "இவன் நம்பர் எனக்குத் தெரியும். முப்பத்திநாலு" என்றார்.

பின்னால் இருபத்தேழாம் நம்பர்க்காரன் டிராக்டரை ஸ்டார்ட் பண்ணிவிட்டான். "வாத்தியாரே சொல்லிட்டார் இல்ல, ஓரம் போ நைனா" என்றான்.

வேறு வழியில்லாமல் உண்மையைச் சொன்னேன். வாத்தியார் என் பக்கம் திரும்பினார். "ரெண்டு நாளா சரி சரின்னு தலையாட்டிக்கினு இருந்தியே, அது எதுக்கு?"

"உங்க சந்தோஷத்துக்குத்தான் சார்."

"ரெண்டு விடை வர்றதுக்குப் பேரு கணக்கே இல்ல" என்றார். அதற்குள் இருபத்தேழு உள்ளே போய்விட்டது. பிறகு வாட்ச்மேனிடம் திரும்பினார். "இவன் கணக்குப்படி இருபத்தாறு, இல்லன்னா முப்பத்திநாலு. வேற வராது. முப்பத்திநாலு டோக்கன் வேற ஒருத்தர் கையில இருந்தா, இவன் இருபத்தாறுதான். ஒத்துக்கிறீங்களா?"

வாட்ச்மேன் யோசித்தார். "கொண்டாங்க, பார்க்கறேன்" என்றார்.

ஒவ்வொரு வண்டியாகப் போய் நம்பர் கேட்டோம். அவசரம் என்று சொன்னாலும் ஒருவரும் நேராகச் சொல்லவில்லை. எல்லோரும் கணக்குப் போட்டார்கள். வாத்தியார் கேட்டவுடனே "இல்ல, அடுத்தது" என்று தாண்டிப் போனார். கடைசியில் ஒரு வேப்பமரத்தடியில், தன் மாங்காயைத் தானே ஓட்டிவந்த ஒரு அம்மா டிரைவர் சீட்டில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"கூட்டினா ஏழு, திருப்பினா ஒன்பது கூடும்" என்றார்.

வாத்தியார் முகம் மலர்ந்தது. ஆனால் வாயைத் திறக்கவில்லை. கையைக் கட்டிக்கொண்டு, "நீ போடு" என்றார்.

"சார், இருபத்தெட்டு கூப்பிடறாங்க."

"எனக்கு ரெண்டு நாள் ஆச்சு. உனக்கு ரெண்டு நிமிஷம் ஆவட்டும்."

மண்ணில் உட்கார்ந்தேன். பதினாறு, அறுபத்தொன்று: நாற்பத்தைந்து கூடுகிறது. இருபத்தைந்து, ஐம்பத்திரண்டு: இருபத்தேழு. முப்பத்திநாலு, நாற்பத்திமூன்று. "முப்பத்திநாலு, அக்கா" என்றேன்.

"பரவால்ல, வருது உனக்கு" என்றார் அந்த அம்மா. விஷயத்தைச் சொன்னதும் கீரையை மடியிலிருந்து இறக்கி வைத்தார். "நான் வர்றதுக்குள்ள எவனாவது என் வண்டிக்கு முன்னால வந்து நின்னா, நீதான் தள்ளி விடணும்" என்று என்னிடம் உறுதி வாங்கிக்கொண்டு நடந்தார்.

வாட்ச்மேன் அவருடைய டோக்கனை வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். பிறகு கேட்டைத் திறந்தார். இருபத்தொன்பதுக்கு முன்னால் நான் உள்ளே போனேன்.

உள்ளே ஒருவர் மாங்காயைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பார். அவர் பின்பக்கம் அழுத்தினபோது விரல் முழுசும் உள்ளே போனது. நடுவில் நாலு இடத்தில் தோண்டி எடுத்து அழுத்தினார். எல்லாம் கல்லு மாதிரி இருந்தது. "ஓரத்துல இருக்கறதைக் கொட்டிட்டு, மீதியை இறக்கு" என்றார்.

முழங்கால் வரை சாற்றில் நின்று, கெட்டதை எல்லாம் பொறுக்கிப் போட ஒரு மணி நேரம் ஆனது. இறக்கி முடித்ததும் தோட்டக்காரருக்குப் போன் போட்டு, மாங்காயை எடுத்துக்கொண்டார்கள் என்றேன். ஆறுதலாக ஏதாவது சொல்வார் என்று நின்றேன்.

"நல்லதாப் போச்சு. சீக்கிரம் வண்டியைக் கொண்டா" என்றார். "இன்னொரு லோடு அறுத்து வெச்சிருக்கேன்."