சத்தமில்லாத பஸ்

மேஜையின் ஓரத்தை விரல் முட்டியால் இரண்டு தடவை தட்டிவிட்டுத்தான் கஸ்தூரவ்வா புத்தகத்தைத் திறப்பார். பஸ்ஸின் தகரத்தில் தட்டுகிற அதே தட்டு. பக்கத்து மேஜைகளில் குனிந்திருக்கும் பிள்ளைகள் நிமிர்ந்து பார்ப்பார்கள். "ரைட் ரைட், போலாம்" என்று தனக்குள் முணுமுணுத்துவிட்டு, இயர்போன் ஒயரை இரண்டு காதிலும் செருகிக்கொள்வார்.

கர்நாடகத்துத் தார்வாட்டின் சப்தாபூரில் ஹிரேமட் சாரின் ரீடிங் ரூமுக்கு வருகிறவர்களில் அவருக்குத்தான் வயது அதிகம். மற்றவர்கள் எல்லாம் போலீஸ் வேலைக்கும் தாலுகா ஆபீஸ் வேலைக்கும் படிக்கிற இளசுகள். இவர் சவதத்தி ரூட் பஸ்ஸில் கண்டக்டர். டியூட்டி முடிந்து நேராக வருவார். காக்கிச் சட்டை தெரியாமல் இருக்க மேலே ஒரு பச்சை ஸ்வெட்டர். ஆனாலும் படியேறும்போதே யாராவது கேட்டுவிடுவார்கள்: "அக்கா, சவதத்திக்கு அடுத்த பஸ் எப்போ?" இவரும் நின்று பதில் சொல்லிவிட்டுத்தான் மேலே வருவார்.

அவர் எழுதப்போவது டிப்போ பரீட்சை. தேறினால் கண்ட்ரோலர். பஸ் நிலையத்தில் கண்ணாடி அறைக்குள் நாற்காலியில் உட்கார்ந்து எந்த பஸ் எந்த இடத்தில் நிற்கிறது என்று மைக்கில் சொல்லலாம். அந்த நாற்காலிதான் அவருக்கு முக்கியம். நின்று நின்று குதிகால் எலும்பு வளர்ந்துவிட்டது. காலையில் கட்டிலிலிருந்து தரையில் கால் வைக்கும்போது சுவரைப் பிடித்துக்கொள்வாராம். முன்பே இரண்டு தடவை எழுதித் தோற்றிருக்கிறார். இந்தத் தடவை விட்டால் வயது வரம்பு தாண்டிவிடும். ஓய்வு பெறும்வரை ஓடுகிற பஸ்ஸில் நிற்க வேண்டியதுதான்.

இங்கே கூட்டுவது, குடம் நிரப்புவது, பின்னால் உள்ள சின்ன அறையில் டீ போடுவது என் வேலை. நான் எட்டாவதோடு நின்றவள். படிக்கிறவர்களின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்க எனக்குப் பிடிக்கும். கஸ்தூரவ்வா சேர்ந்த புதிதில் அவர் படித்து நான் பார்க்கவில்லை. ஒரு பக்கத்தைத் திறப்பார், ஃபேனைப் பார்ப்பார், குதிகாலைத் தேய்ப்பார், எழுந்து என்னிடம் வந்துவிடுவார்.

"இவ்ளோ அமைதியா இருந்தா எப்படி தங்கெம்மா படிக்கிறது? பஸ்ஸுல சத்தம் நின்னா என்ன அர்த்தம்? பிரேக்டவுன். எல்லாரும் என் மூஞ்சியதான் பாப்பாங்க. போன தடவ பரீட்சை ஹால்லயும் அப்படித்தான். ஊசி விழுந்தா கேக்கும். என் மனசு கீழ எறங்கி என்ன ஆச்சுன்னு பாக்கப் போயிடுச்சு. திரும்பி வரவே இல்ல."

பெல்காமில் இன்ஜினியரிங் படிக்கும் மகள் சிஞ்சனாதான் பாட்டுக் கேட்டுக்கொண்டே படிக்கச் சொன்னாள். மழைச் சத்தம் ஒன்று அனுப்பினாள். அதைப் போட்டதும் கஸ்தூரவ்வாவுக்கு மாடியில் காயப்போட்ட துணி நினைவுக்கு வந்தது. பியானோ அனுப்பினாள். "செத்த வீட்டுக்குப் போற மாதிரி இருக்கு" என்று நிறுத்திவிட்டார். கன்னடப் பாட்டுப் போட்டுக்கொண்டபோது, தான் சத்தமாகக் கூடவே பாடுவது அவருக்கே தெரியவில்லை. அறை முழுவதும் சிரித்தது. ஹிரேமட் சார் எழுந்து வந்து வாயில் விரல் வைத்துக் காட்டினார்.

ஹிரேமட் சார் இந்துஸ்தானி சங்கீதப் பைத்தியம். அவர் சிதார் கேட்கச் சொன்னார். ஆனால் மதியம் கேட்க வேண்டிய ராகத்தைக் காலையில் கேட்கக் கூடாது என்று ஒரு நிபந்தனையும் போட்டார்.

"எனக்கு ஒரு வாரம் காலை டியூட்டி, ஒரு வாரம் மதியம். உங்க ராகத்துக்கும் ஷிஃப்டா சார்?" என்றார் கஸ்தூரவ்வா. "டிப்போ மேனேஜர்கிட்ட சொல்லி ஒண்ணா போட்டுத் தரச் சொல்லுங்க."

சிதார் கேட்டால் தூக்கம் வந்தது. புத்தகத்தின் மேல் கன்னம் வைத்து அவர் தூங்க, பக்கத்து மேஜை வித்யாஸ்ரீ பேனாவால் தட்டி, "அக்கா, ஸ்டாப் வந்துடுச்சு, எறங்குங்க" என்பாள். வித்யாஸ்ரீ சப்-இன்ஸ்பெக்டர் பரீட்சைக்குப் படிக்கிறவள். வாய் கொஞ்சம் நீளம்.

கடைசியில் தன் பஸ்ஸின் சத்தத்தையே போனில் பதிந்துகொண்டு வந்தார். பௌர்ணமி நாளில் சவதத்தி எல்லம்மா கோயிலுக்குப் போகிற கூட்டம், மேளம், கோழி, கதவு அடிக்கிற சத்தம் எல்லாம் அதில் இருந்தது. அன்று அவர் ஒரு வரிகூடப் படிக்கவில்லை. நிமிர்ந்து நிமிர்ந்து வாசலைப் பார்த்தார். டீ கொண்டுபோன என்னிடம், "பின்னாடி ஏறினவன் டிக்கெட் எடுக்கல தங்கெம்மா, எனக்கு நல்லாத் தெரியும்" என்றார். நான் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓடிவந்தேன்.

தம்ளர் கழுவும்போது நான் என் போனில் மெல்லப் பாட்டு வைத்துக்கொள்வேன். ஒருநாள் கதவிடுக்கில் கஸ்தூரவ்வாவின் தலை தெரிந்தது. சாரிடம் சொல்லிவிடுவார் என்று பயந்து அணைக்கப் போனேன்.

"அணைக்காத. இது என்ன பாஷை?"

"தமிழ், அக்கா. எங்க ஊர்ப் பாட்டு."

"ஒரு வார்த்த புரியல. எவ்ளோ நல்லாருக்கு! இன்னும் கொஞ்சம் கூட்டி வை."

அன்றே மேஜையைக் கதவோரம் நகர்த்திக்கொண்டார். மறுநாள் என் பாட்டுகள் அவர் போனுக்குப் போயின. சோகம் வேண்டாம், குத்துப் பாட்டு வேண்டாம், நடுவில் யாரும் வசனம் பேசக் கூடாது என்று சொல்லி, மற்றதை என்னிடமே விட்டுவிட்டார். டீ அறையில் நின்று நான் ஒவ்வொன்றாகக் கேட்டுக் கேட்டுப் பொறுக்கினேன்.

பக்கங்கள் திரும்ப ஆரம்பித்தன. ஒவ்வொரு பக்கம் முடிந்ததும் மேஜையில் இரண்டு தட்டு. "புரியிற பாட்டுன்னா அது கூடவே நானும் போயிடறேன்" என்று சட்னிப்பொடி தொட்டு ரொட்டி தின்றபடி ஒருநாள் விளக்கினார். "இது எப்படின்னா, பக்கத்து சீட்ல ரெண்டு பேரு வேற பாஷைல பேசிட்டு வராங்க. தொணைக்கு ஆளு இருக்கு. தொந்தரவு இல்ல."

அதில் மாட்டு மணிச் சத்தத்தோடு தொடங்குகிற ஒரு பாட்டு அவருக்கு உயிர். கல்யாணப் பாட்டு என்று அவராகவே முடிவு கட்டியிருந்தார். அப்படியில்லை என்று எனக்குத் தெரியும், சொல்லவில்லை. மணிச் சத்தம் குதியாட்டமாக இருந்ததால் நான்தான் சேர்த்திருந்தேன். வித்யாஸ்ரீயின் விடுதியில் கோயம்புத்தூர்ப் பெண் ஒருத்தி இருக்கிறாள். அவளிடம் கேட்டு வந்து வித்யாஸ்ரீ கஸ்தூரவ்வாவிடம் சொல்லிவிட்டாள்: தூர ஊருக்குப் போன மகளை நினைத்து அம்மா பாடுவது.

அதற்குப் பிறகு மணி ஒலித்தாலே கஸ்தூரவ்வா எழுந்துபோய்ப் படிக்கட்டில் நின்று பெல்காமுக்குப் பேசினார். "சாப்டியா? என்ன சாப்ட? பொய் சொல்லாத." திரும்பி வந்து வித்யாஸ்ரீயின் தலையில் ஒரு குட்டு வைத்தார். "யாருடி உன்ன அர்த்தம் கேட்டா? நல்லா ஓடிட்டிருந்த பஸ்ஸ பஞ்சர் பண்ணிட்ட." எனக்கும் உத்தரவு வந்தது: "இனிமே நானே வந்து கெஞ்சினாலும் அர்த்தம் சொல்லாத."

பரீட்சைக்குத் தேதி வந்த மாலை. எல்லாரும் பொரி கிர்மிட் வாங்கித் தின்றுகொண்டிருந்தோம். வித்யாஸ்ரீ வெங்காயத்தைப் பொறுக்கியபடி கேட்டாள்: "அக்கா, ஹால்ல யாரு உங்களுக்குப் பாட்டுப் போடுவா? போனை வாசல்லயே புடுங்கிடுவாங்களே!"

கஸ்தூரவ்வா சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. கையிலிருந்த பொட்டலத்தை மடித்து என்னிடம் கொடுத்துவிட்டு, ஸ்வெட்டரை மாட்டிக்கொண்டு இறங்கிப் போனார். ஒவ்வொரு படிக்கும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டார். வித்யாஸ்ரீக்கு முகம் சுண்டிவிட்டது. "நான் சும்மா கேட்டேன்" என்று என்னிடம் இரண்டு தடவை சொன்னாள்.

மறுநாள் வருவாரோ மாட்டாரோ என்று வாசலைப் பார்த்துக்கொண்டே கூட்டினேன். வந்தார். நேராக டீ அறைக்கு வந்து போனை நீட்டினார். சத்தம் வைக்கிற கோடு முழுதாக இருந்தது. என் கண் முன்னாலேயே அதில் ஒரு துளி குறைத்தார்.

"எங்க டிரைவர் ஃபக்கீரப்பா ஸ்டாப்புல வந்து சடக்குனு பிரேக் போடமாட்டான். ரொம்ப முன்னாடியே கால எடுத்துடுவான். வண்டி தானா உருண்டு போய் மெதுவா நிக்கும். தூங்குற பிள்ளகூட முழிக்காது. அந்த மாதிரி பாட்ட நிறுத்திப் பாக்கறேன்."

தினமும் ஒரு துளி. சில நாள் நன்றாகப் போயிற்று. ஒருநாள் மோட்டார் வாகனச் சட்டம் மண்டையில் ஏறாமல், கோபத்தில் மறுபடி முழுச் சத்தம் வைத்துவிட்டார். ஒயர் சரியாகச் செருகாததால் தமிழ்ப் பாட்டு அறை முழுவதும் கேட்டது. ஹிரேமட் சார் எழுந்து வந்தவர், ஏனோ பாட்டு முடியும்வரை நின்று கேட்டுவிட்டு, "காலையில கேக்க வேண்டிய ராகம்" என்று மட்டும் சொல்லிப் போனார். வித்யாஸ்ரீ அர்த்தம் கேட்கவில்லை. தினமும் புத்தகத்தை வாங்கி வைத்துக்கொண்டு அக்காவைக் கேள்வி கேட்கிறாள். தப்பாகச் சொன்னால், "டிக்கெட் இல்ல, எறங்குங்க" என்கிறாள்.

இந்த ஞாயிறு பரீட்சை. நேற்று மதியம் கஸ்தூரவ்வா தன் போனை டீ அறையில் சார்ஜ் போட்டுவிட்டுப் போயிருந்தார். நான் தம்ளர்களைத் துடைத்துக்கொண்டிருந்தேன். போன் அடித்தது. திரையில் நாக்கை நீட்டிக்கொண்டு சிஞ்சனாவின் படம். பிள்ளைகளுக்குத் தொந்தரவாகுமே என்று சத்தத்தைக் குறைத்து எடுத்துக்கொண்டு ஓடினேன்.

அவர் எப்போதும்போல் இரண்டு காதிலும் இயர்போன் செருகிக்கொண்டு, உதடு அசையப் படித்துக்கொண்டிருந்தார். போன் என் கையில் இருக்கிறது. அப்படியென்றால் எதைக் கேட்கிறார்? ஒயரைப் பார்த்துக்கொண்டே போனேன். அது பச்சை ஸ்வெட்டர் மேல் இறங்கி, மேஜையின் விளிம்பைத் தாண்டி, எதிலும் செருகப்படாமல் ஃபேன் காற்றில் லேசாக ஆடிக்கொண்டிருந்தது.

போனை நீட்டினேன். கஸ்தூரவ்வா நிமிரவில்லை. ஓடி வருகிற யாருக்காகவோ டிரைவரை இருக்கச் சொல்வதுபோல் இடது உள்ளங்கையை மட்டும் என் பக்கம் உயர்த்தினார். கடைசி வரியை முடித்தார். பக்கத்தைத் திருப்பினார். மேஜையின் ஓரத்தில் இரண்டு தடவை தட்டினார்.